அம்பாந்தோட்டை முதல் அருமண் வரை: சீனாவின் வெளியுறவு பற்றி வாசகர் கேள்விகள்

சீனாவின் வெளியுறவு பற்றிக் கேள்விகள் அனுப்புங்கள் என்று கேட்டிருந்தோம். வந்தவற்றில் பாதி, 'சீனா நல்லதா, கெட்டதா?' என்பதையே வேறு வேறு விதமாகக் கேட்டன. அவற்றை ஒதுக்கிவிட்டோம். கடன் ஒப்பந்தம், ஏற்றுமதி உரிமம், ஐ.நா. வாக்கு என்று கைக்குப் பிடிபடும் விஷயத்தைக் கேட்டவர்களுக்கே இங்கே இடம். மேடைப் பேச்சைவிட அந்தக் காகிதங்களில்தான் சீனாவின் பலமும் தயக்கமும் தெரிகின்றன என்பது எங்கள் எண்ணம்.

கே: கடனைக் கட்ட முடியாததால் அம்பாந்தோட்டைத் துறைமுகத்தைச் சீனா பறித்துக்கொண்டது என்கிறார்கள். நடந்தது அதுதானா?
– ஆசிரியர், யாழ்ப்பாணம்

ப: அது இல்லை. நடந்தது அவ்வளவு எளிமையான கதை அல்ல. இலங்கைக்குப் பெருமை சேர்க்கும் கதையும் அல்ல.

துறைமுகத்தின் முதல் கட்டத்துக்குச் சீன எக்ஸிம் வங்கி (ஏற்றுமதி–இறக்குமதிக்கான அரசு வங்கி) 2007இல் சுமார் 30.7 கோடி டாலர் கொடுத்தது. வட்டி 6.3 சதவீதம், கடைசிவரை மாறாதது. அதே வங்கி சலுகைக் கடனுக்கு வழக்கமாக வாங்குவது 2 சதவீதம்தான். இரண்டாம் கட்டத்துக்கு அந்த 2 சதவீதத்தில் கடன் கிடைத்தது. கட்டியது சைனா ஹார்பர் என்ற சீன அரசு நிறுவனம். 2010இல் துறைமுகம் திறந்தது. உலகின் முக்கியக் கப்பல் பாதை கூப்பிடு தூரத்தில் போகிறது என்பது உண்மை. ஆனால் போகிற கப்பல் நிற்க ஒரு காரணம் வேண்டுமே! எரிபொருள் நிரப்பும் வசதி, பின்னால் தொழிற்பேட்டை, சரக்கு மாற்றும் வாடிக்கையாளர்கள் எல்லாம் கொழும்பில்தான் இருந்தன. வருமானம் வரும் முன்பே தவணை வந்துவிட்டது.

2017 ஜூலையில் சைனா மெர்ச்சன்ட்ஸ் போர்ட் நிறுவனம் 112 கோடி டாலருக்கு 99 ஆண்டுக் குத்தகை எடுத்தது. பங்கு சுமார் 70 சதவீதம். பலரும் தவறிப் போவது இந்த இடத்தில்தான். அந்தப் பணத்தில் துறைமுகக் கடன் அடைக்கப்படவில்லை. அது இலங்கையின் அந்நியச் செலாவணிக் கையிருப்பில் சேர்ந்தது. எக்ஸிம் வங்கிக்குக் கட்ட வேண்டிய கடன் அப்படியே திறைசேரியின் கணக்கில் நின்றது. கடன் கொடுத்தது ஒரு வங்கி, குத்தகை எடுத்தது வேறொரு நிறுவனம். இரண்டுக்கும் பின்னால் சீன அரசு இருந்தாலும், கடனுக்கு ஈடாகத் துறைமுகம் கைமாறியதாக எந்த ஒப்பந்தமும் சொல்லவில்லை.

அப்படியானால் பணம் எதற்குத் தேவைப்பட்டது? நியூயார்க், லண்டன் முதலீட்டாளர்களிடம் டாலரில் விற்ற இறையாண்மைப் பத்திரங்கள், அதாவது அரசின் கடன் பத்திரங்கள், முதிர்ந்துகொண்டிருந்தன. 2021 கணக்குப்படி இலங்கையின் வெளிநாட்டுக் கடனில் இப்படிச் சந்தையில் வாங்கியது ஏறக்குறைய பாதி. சீனாவின் பங்கு சுமார் 10 சதவீதம். அரசு நிறுவனங்கள் வாங்கியதையும் சேர்த்தால் சுமார் 20. 2022 ஏப்ரலில் கடனைக் கட்ட முடியாது என்று நாடு கையை விரித்ததற்குச் சீனாவை மட்டும் குற்றம் சொல்வது கணக்குக்கு ஒத்துவராது.

சீனாவுக்குக் கிடைத்தது என்ன? 2022 ஆகஸ்ட் 16 அன்று, இந்தியா கவலை தெரிவித்தும், யுவான் வாங் 5 என்ற செயற்கைக்கோள் கண்காணிப்புக் கப்பல் அங்கே வந்து நின்றது. துறைமுகத்தின் பாதுகாப்பும் போர்க்கப்பலுக்கு அனுமதி தரும் உரிமையும் இன்றும் இலங்கையிடம்தான் உள்ளன. ஆனால் கடன் கொடுத்தவருக்கு 'வேண்டாம்' என்று சொல்வது எத்தனை கஷ்டம் என்பதை அந்த வாரம் கொழும்பு நன்றாகவே காட்டியது. பிறகு 2024 முழுவதும் எந்த நாட்டின் ஆய்வுக் கப்பலுக்கும் அனுமதி இல்லை என்று பொதுவாக அறிவித்துத் தப்பித்தது. பெயர் சொல்லாமல் தடுக்கும் அந்த உத்தியைச் சிறிய நாடுகள் குறித்துவைத்துக்கொள்ளலாம்.

கே: சீன வங்கிக் கடன் ஒப்பந்தத்தில் மற்றக் கடன்களில் இல்லாதது என்ன இருக்கும்? படிக்கக் கிடைத்தால் எந்தப் பக்கத்தைப் பார்க்க வேண்டும்?
– சட்டக் கல்லூரி மாணவர், திருச்சி

ப: நல்ல கேள்வி. 24 நாடுகள் கையெழுத்திட்ட 100 ஒப்பந்தங்களை ஆராய்ந்த அறிக்கை ஒன்று 2021இல் வந்தது. அதற்குப் பிறகு இந்த விஷயத்தில் ஊகத்துக்கு அவ்வளவு வேலை இல்லை.

முதலில் ரகசியப் பிரிவைப் பாருங்கள். கடன் வாங்கியவர் ஒப்பந்த விவரத்தை வெளியிடக் கூடாது என்று, குறிப்பாக 2014க்குப் பிந்தைய ஒப்பந்தங்களில், எழுதியிருக்கும். சில நேரம் கடன் இருப்பதையே சொல்லக் கூடாது. வேறு நாடுகளோடு பேரம் பேசும்போது இதுதான் முதலில் இடிக்கும். யாருக்கு எவ்வளவு என்று தெரியாமல் எவரும் தள்ளுபடி தரமாட்டார்கள்.

அடுத்தது வருமானக் கணக்கு. ஏறக்குறைய மூன்றில் ஒரு ஒப்பந்தத்தில் இது உண்டு. எண்ணெய் விற்ற பணமோ திட்டத்தின் வசூலோ கடன் கொடுத்த வங்கிக்குப் பிடிமானம் உள்ள ஒரு தனிக் கணக்குக்குப் போகும். குறைந்தபட்ச இருப்பு அதில் எப்போதும் இருந்தாக வேண்டும். நாட்டின் நிதியமைச்சர் சம்பளம் போடப் பணமில்லாமல் தவிக்கும்போதும் அந்த இருப்பைத் தொட முடியாது.

மூன்றாவது, கடன் கொடுத்த நாடுகள் சேர்ந்து பேசும் பாரிஸ் கிளப் போன்ற கூட்டுப் பேச்சுக்கு இந்தக் கடனைக் கொண்டுபோகக் கூடாது என்ற பிரிவு. ஆராய்ந்தவற்றில் நான்கில் மூன்று பங்கில் இது இருந்தது. நாலாவதாக, ஒரு சீனக் கடனில் தவணை தவறினால் மற்றதையும் உடனே கேட்கலாம் என்ற பிரிவு. சிலவற்றில், கடன் வாங்கிய நாடு சீன நிறுவனங்களைப் பாதிக்கும்படி கொள்கையை மாற்றினாலும் கடனைத் திருப்பிக் கேட்கலாம் என்று இருக்கும். திட்டத்தை ரத்துசெய்வேன் என்று தேர்தலில் வாக்குறுதி கொடுத்து ஜெயித்தவர்கள், பதவியேற்ற மூன்றாம் மாதம் குரலைத் தாழ்த்துவதற்கு இது ஒரு காரணம்.

இன்னொன்று: எக்ஸிம் வங்கியின் சலுகைக் கடனில் கொள்முதலில் குறைந்தது பாதியாவது சீனாவிலிருந்து வர வேண்டும். பணம் பெரும்பாலும் வங்கியிலிருந்து நேராகச் சீன ஒப்பந்ததாரருக்குப் போய்விடும். கடன் வாங்கிய நாட்டின் கஜானாவை அது எட்டிப் பார்ப்பதே இல்லை.

சிக்கல் வந்தால் என்ன ஆகும் என்பதற்கும் இலங்கையே பாடம். 2022 செப்டம்பர் 1 அன்று சர்வதேச நாணய நிதியத்தோடு அதிகாரிகள் மட்டத்தில் உடன்பாடு ஆனது. நிதியத்தின் வாரியம் ஒப்புதல் தர, கடன் கொடுத்த நாடுகள் முதலில் உறுதிக் கடிதம் தர வேண்டும். 2023 ஜனவரியில் இந்தியா தந்தது. சீன எக்ஸிம் வங்கியோ 'இரண்டு ஆண்டு அவகாசம் தருகிறோம்' என்று மட்டும் எழுதியது, அது போதவில்லை. மார்ச்சில் வேறு கடிதம் வந்த பிறகுதான், 20ஆம் தேதி, சுமார் 300 கோடி டாலர் திட்டத்துக்கு வாரியம் கையெழுத்திட்டது. இடைப்பட்ட ஆறு மாதமும் மக்கள் காத்திருந்த காலம். இந்தியா, ஜப்பான், பிரான்ஸ் தலைமையிலான கடன் கொடுத்தோர் குழுவில் சீனா சேரவில்லை. பார்வையாளராக இருந்துகொண்டு தனியாகவே பேசி முடித்தது. ஜாம்பியா 2020 நவம்பரில் தவணை தவறியது. கடன் கொடுத்த அரசுகளோடு உடன்பாடு காண 2023 ஜூன் ஆனது.

சீன வங்கிகள் அசலைக் குறைப்பதை வெறுக்கும். தவணைக் காலத்தை நீட்டுவார்கள், வட்டியைக் குறைப்பார்கள், அசலில் கைவைக்க விடமாட்டார்கள். அசலைக் குறைத்தால் கடன் கொடுத்த அதிகாரி உள்நாட்டில் அரசுச் சொத்தை இழந்ததாகப் பதில் சொல்ல வேண்டியிருக்கும் என்பது இதில் பெரிய காரணம்.

கே: சீன வெளியுறவு அமைச்சர் என்பவர் உண்மையில் எத்தனையாவது ஆள்?
– வாசகி, தேனி

ப: அமைச்சர் பதவியை மட்டும் வைத்துப் பார்த்தால், நீங்கள் நினைப்பதைவிட மிகக் கீழே. முடிவெடுப்பது கட்சியின் மத்திய வெளியுறவு ஆணையம். தலைவர் ஷி ஜின்பிங். அதன் அலுவலகத்தை நடத்துபவர்தான் நாட்டின் உயர்ந்த ராஜதந்திரி. இப்போது வாங் யீ இரண்டு நாற்காலியிலும் இருப்பதால் வித்தியாசம் தெரிவதில்லை. 2023இல் தெரிந்தது: அமைச்சராக இருந்த சின் காங் ஏழு மாதத்தில் நீக்கப்பட்டார், காரணம் சொல்லப்படவில்லை, கொள்கை ஒரு அங்குலமும் நகரவில்லை. ஏழு பேர் கொண்ட உச்சக் குழுவில் வாங் யீயும் இல்லை. அதற்கு அடுத்து, 2022இல் 24 பேரோடு அமைந்த வட்டத்தில்தான் இருக்கிறார். வெளிநாட்டுக் கட்சிகளோடு உறவாடக் கட்சிக்குள் சர்வதேசத் தொடர்புத் துறை என்று தனியே ஒன்று உண்டு. இன்றைய எதிர்க்கட்சி நாளை ஆளும் கட்சியாகும் நாடுகளில் அந்தத் துறையின் உழைப்பு அமைச்சகத்தைவிடப் பலன் தரும்.

கே: ஐ.நா.வில் சீனா அதிகமாக வீட்டோ போடும் நாடா?
– ஓய்வுபெற்ற வங்கி ஊழியர், கும்பகோணம்

ப: ரஷ்யாவையும் அமெரிக்காவையும் பார்க்கும்போது சீனா மிகக் குறைவு. பெய்ஜிங் அரசு 1971 அக்டோபர் 25 அன்று 76க்கு 35 என்ற வாக்கில் சீன இருக்கைக்கு வந்தது. அது முதல் போட்டது சுமார் இருபதுதான். எண்ணிக்கையைவிட எதற்குப் போட்டது என்பதுதான் சுவையானது.

முதலாவது, 1972 ஆகஸ்டில் பங்களாதேஷ் ஐ.நா. உறுப்பினராவதைத் தடுக்க. பாகிஸ்தானுக்காக. பங்களாதேஷ் 1974இல்தான் உள்ளே வர முடிந்தது. 1997 ஜனவரியில் குவாத்தமாலா. உள்நாட்டுப் போர் முடிந்து, போர்நிறுத்தத்தைப் பார்வையிட 155 பேர் அனுப்பும் தீர்மானம். உலகில் யாருக்கும் அதில் ஆட்சேபம் இல்லை. சீனா தடுத்தது, ஏனென்றால் குவாத்தமாலா தைவானோடு உறவு வைத்திருந்தது. பத்து நாள் திரைமறைவுப் பேச்சு, பிறகு அதே தீர்மானம் நிறைவேறியது. 1999இல் மாசிடோனியா தைவானை அங்கீகரித்தது. அடுத்த மாதமே அங்கிருந்த அமைதிப் படையின் நீட்டிப்பு வீட்டோவில் விழுந்தது. 2001இல் மாசிடோனியா பெய்ஜிங் பக்கம் திரும்பிவிட்டது. சிறு நாடு ஒன்றின் தைவான் உறவுக்குச் சீனா வைக்கும் விலை இது. 2025 முடிவில் தைவானைத் தூதரக மட்டத்தில் அங்கீகரித்த நாடுகள் 12 மட்டுமே, வத்திக்கானையும் சேர்த்து.

2011 மார்ச்சில் லிபியா மீது பறக்கத் தடை விதிக்கும் தீர்மானத்தில் சீனா வாக்களிக்காமல் ஒதுங்கியது; இந்தியாவும் அப்படியே. அது கடாஃபி ஆட்சியின் முடிவில் போய் நின்றது. லிபியாவில் வேலை செய்துகொண்டிருந்த 35,000க்கும் மேற்பட்ட சீனர்களை ஏற்கெனவே அவசரமாக வெளியேற்றியிருந்தார்கள், ஒப்பந்தங்களும் போயின. அதே ஆண்டு அக்டோபரிலிருந்து சிரியா விஷயத்தில் ரஷ்யாவோடு சேர்ந்து வீட்டோ போடத் தொடங்கியது சீனா. ஒதுங்கி நிற்பதும் ஒரு முடிவுதான் என்று லிபியாவில் சூடுபட்டுத் தெரிந்துகொண்டார்கள்.

வீட்டோவைவிட அமைதியான கருவி ஒன்று இருக்கிறது. பயங்கரவாதிகளைப் பட்டியலிடும், பாதுகாப்பு கவுன்சிலின் 1267 குழுவில் 15 உறுப்பினரும் ஒப்பினால்தான் பெயர் ஏறும். எவராவது 'தொழில்நுட்ப நிறுத்தம்' என்று எழுதிக் கொடுத்தால் ஆறு மாதம் போகும், இன்னும் மூன்று மாதம் நீட்டலாம். காரணம் வெளியே சொல்ல வேண்டாம், ஓட்டெடுப்பும் இல்லை. பாகிஸ்தானின் ஜெய்ஷ்-இ-முகமது தலைவர் மசூத் அசாரின் பெயரை இந்தியா முதலில் கொண்டுபோனது 2009இல். ஏறியது 2019 மே 1. புல்வாமாவுக்குப் பிறகு அமெரிக்கா இதைக் குழுவிலிருந்து எடுத்து, திறந்த அவையில் தீர்மானமாகவே கொண்டுவரப்போவதாகச் சொன்னது. எல்லார் கண் முன்னும் கை தூக்கித் தடுக்க வேண்டிய நிலை வந்ததும் சீனா நிறுத்தத்தை விலக்கிக்கொண்டது. இந்தியத் தூதர்கள் இதிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது தெளிவு: இருட்டறையில் நடப்பதை வெளிச்சத்துக்குக் கொண்டுவரும் வழி தேட வேண்டும்.

கே: தென் சீனக் கடலில் தீர்ப்பு வந்தும் சீனா ஏன் கேட்கவில்லை?
– மீனவர் சங்க உறுப்பினர், நாகப்பட்டினம்

ப: 2016 ஜூலை 12 தீர்ப்பைச் சொல்கிறீர்கள். பிலிப்பைன்ஸ் 2013இல் தொடுத்த வழக்கு, ஹேகில் தீர்ப்பாயம். தீர்ப்பைச் செயல்படுத்த அதற்குக் காவலர் யாரும் இல்லை. பாதுகாப்பு கவுன்சிலுக்குப் போனால் அங்கே சீனாவின் வீட்டோ. கேட்காமலிருக்க வேறு பெரிய காரணம் தேவைப்படவில்லை.

ஆனால் தீர்ப்பின் உள்ளடக்கம் உங்களைப் போல் கடலில் பிழைப்பவர்கள் அறிய வேண்டியது. கடல் சட்டப்படி மக்கள் வாழத்தக்க தீவுக்கு 200 கடல் மைல் பொருளாதார மண்டலம் உண்டு. வெறும் பாறைக்கு 12 கடல் மைல் ஆட்சிக் கடல் மட்டும். ஓதம் வற்றும்போது மட்டும் தலைகாட்டும் திட்டுக்குச் சொந்தமாக ஒன்றும் கிடையாது. தென் சீனக் கடலின் ஸ்பிராட்லி தீவுக் கூட்டத்தில் உள்ள எதுவுமே 200 மைல் தரும் தீவு அல்ல என்றது தீர்ப்பாயம். மிஸ்சீஃப் திட்டு மூன்றாவது வகை, அதுவும் பிலிப்பைன்ஸின் மண்டலத்துக்குள் இருக்கிறது. அதன் மேல் மணல் கொட்டிச் சீனா விமான ஓடுதளமே போட்டுவிட்டது. மண்ணைக் கொட்டிப் பெரிதாக்கினாலும் சட்டத்தில் அது திட்டுதான்.

சட்டத்தில் தோற்றதைச் சீனா நடைமுறையில் ஈடுகட்டுகிறது. போர்க்கப்பலை முன்னே விடுவதில்லை. முன்வரிசையில் விசைப்படகுகள், அடுத்து கடலோரக் காவல் படை, அதற்கும் பின்னால் தொலைவில் கடற்படை. தண்ணீர்ப் பீரங்கி, உரசல், வழிமறிப்பு. துப்பாக்கி மட்டும் வெடிப்பதில்லை. துப்பாக்கி வெடித்தால் 1951ஆம் ஆண்டு அமெரிக்க–பிலிப்பைன்ஸ் பாதுகாப்பு ஒப்பந்தம் விழித்துக்கொள்ளும். அந்தக் கோட்டுக்கு ஒரு முழம் முன்னால் நிற்பதுதான் உத்தி. பிலிப்பைன்ஸ் 1999இல் செகண்ட் தாமஸ் திட்டில் வேண்டுமென்றே தரைதட்ட வைத்த சியரா மாத்ரே என்ற துருப்பிடித்த கப்பலில் இன்றும் சில வீரர்கள் இருக்கிறார்கள். 2024 ஜூலையில் இரு நாடும் தற்காலிக உடன்பாட்டுக்கு வரும் வரை, அவர்களுக்கு அரிசியும் தண்ணீரும் கொண்டுபோவதே பலமுறை மோதலானது. மே 1 முதல் ஆகஸ்ட் 16 வரை சீனா தன்னிச்சையாக அறிவிக்கும் மீன்பிடித் தடையை வியட்நாமும் பிலிப்பைன்ஸும் ஏற்பதில்லை. ஆனால் தனிப் படகுக்காரருக்கு அந்த மாதங்களில் போக தைரியம் வருவதில்லை. தீர்ப்பு அவர் பக்கம். கடல் அவர் பக்கம் இல்லை.

கே: எங்கள் தொழிற்சாலையில் மோட்டாருக்குக் காந்தம் வரவில்லை என்று ஷிப்டைக் குறைத்தார்கள். வெளியுறவுக்கும் காந்தத்துக்கும் என்ன சம்பந்தம்?
– மின்வாகனத் தொழிலாளி, ஓசூர்

ப: நேரடிச் சம்பந்தம். 2025 ஏப்ரலில் அமெரிக்கா சீனப் பொருள்களுக்கு வரியைக் கூட்டியது. சீனா ஏப்ரல் 4 அன்று ஏழு அருமண் (ரேர் எர்த்) தனிமங்களின் ஏற்றுமதிக்கு உரிமம் கட்டாயம் என்றது: சமேரியம், கடோலினியம், டெர்பியம், டிஸ்ப்ரோசியம், லுட்டீசியம், ஸ்காண்டியம், இட்ரியம். குறி அமெரிக்கா. ஆனால் ஆணை எல்லா நாட்டுக்கும்.

உங்கள் மோட்டாரின் காந்தத்தில் பெரும்பகுதி இரும்பும் நியோடிமியமும். நியோடிமியம் அந்தப் பட்டியலில் இல்லை. அப்புறம் ஏன் நின்றது? மோட்டார் சூடாகும்போது சாதாரண நியோடிமியக் காந்தம் வலுவிழக்கும். 150 டிகிரி அளவிலும் தாங்க வேண்டுமானால் கொஞ்சம் டிஸ்ப்ரோசியமோ டெர்பியமோ சேர்க்க வேண்டும். அந்தக் கொஞ்சம் இருந்தாலே காந்தம் முழுவதும் உரிமத்துக்குள் வந்துவிடும்.

நடைமுறை இப்படி: இங்கே காந்தம் வாங்கும் நிறுவனம், எதற்குப் பயன்படுத்துகிறோம், ராணுவத்துக்கு அல்ல, வேறு யாருக்கும் கைமாற்ற மாட்டோம் என்று இறுதிப் பயனாளர் சான்று தர வேண்டும். அது சீனாவில் உள்ள விற்பனையாளருக்குப் போகும். அவர் மாகாண அலுவலகம் வழியாக வர்த்தக அமைச்சகத்துக்கு விண்ணப்பிப்பார். 45 வேலை நாள் அவகாசம் என்பது விதி. வார விடுமுறைகளைச் சேர்த்தால் இரண்டு மாதத்தைத் தாண்டும். சான்றில் பொருளின் அளவோ மாதிரி எண்ணோ பொருந்தாவிட்டால் திருப்பி அனுப்புவார்கள். எண்ணிக்கை மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கும். பல நிறுவனங்களிடம் இருந்த இருப்போ சில வாரத்துக்கு மட்டும்.

மறுக்கவில்லை, தாமதிக்கிறார்கள், அதனால் உலக வர்த்தக அமைப்பில் வழக்குப் போடுவதும் எளிதல்ல. 2010இல் ஜப்பானோடு மீன்பிடிப் படகுத் தகராறு வந்தபோது அருமண் ஏற்றுமதியை அறிவிப்பே இல்லாமல் சுருக்கினார்கள். பின்னர் ஏற்றுமதி ஒதுக்கீட்டு வழக்கில் தோற்றார்கள். இந்த முறை சட்டம், படிவம், முத்திரை எல்லாம் சரியாக வைத்திருக்கிறார்கள்.

நம் மணவாளக்குறிச்சி மணலில் மோனசைட் என்ற அருமண் தாது இருக்கிறதே என்பீர்கள். இருக்கிறது. ஆனால் அதோடு தோரியமும் இருப்பதால் அது அணுசக்தித் துறையின் கட்டுப்பாட்டில். மேலும் அந்த மணலில் நியோடிமியம் போன்ற லேசானவைதான் அதிகம், டிஸ்ப்ரோசியம் மிகக் குறைவு. தோண்டுவது மட்டும் போதாது. பிரித்து, உலோகமாக்கி, பொடியாக்கி, அழுத்திச் சுட்டுக் காந்தமாக்க வேண்டும். இந்தச் சுத்திகரிப்பிலும் காந்த உற்பத்தியிலும் சுமார் 90 சதவீதம் சீனாவில். 2025 நவம்பரில் மத்திய அரசு ஆண்டுக்கு 6,000 டன் காந்தம் செய்ய ரூ.7,280 கோடித் திட்டத்தை ஏற்றது. ஆலை எழும்பிப் பொருள் வர ஆண்டுகள் ஆகும். அதுவரை, ஃபெரைட் காந்தத்தில் ஓடும் மோட்டார் ஒரு மாற்று. எடை கூடும், அளவு பெருக்கும். ஆனால் வண்டி ஓடும், ஷிப்டும் ஓடும்.

கே: சவுதி – ஈரான் சண்டையைச் சீனா தீர்த்துவைத்தது. இனி உலகப் பஞ்சாயத்துத் தலைவர் சீனாதானா?
– மளிகைக் கடைக்காரர், ராஜபாளையம்

ப: 2023 மார்ச் 10 அன்று பெய்ஜிங்கில் கையெழுத்தானது உண்மை. அதற்கு முன் இரண்டு ஆண்டு இராக்கும் ஓமனும் பாக்தாதிலும் மஸ்கட்டிலும் உழைத்திருந்தன. சீனா கடைசிச் சுற்றில் வந்து விளக்கேற்றியது. இரு தரப்பிடமும் எண்ணெய் வாங்கும் பெரிய வாடிக்கையாளர் என்பதால் அந்த இடம் அதற்குக் கிடைத்தது. மீறினால் தண்டிப்பேன் என்ற பொறுப்பை அது ஏற்கவில்லை, எங்கேயும் ஏற்பதில்லை. சீனாவுக்குப் பரஸ்பர ராணுவப் பாதுகாப்பு ஒப்பந்தம் உள்ள நாடு ஒன்றே ஒன்று, 1961 முதல் வட கொரியா. வெளிநாட்டில் முறையான ராணுவத் தளம் என்று அறிவித்தது 2017இல் ஜிபூட்டியில் மட்டும். 'எல்லையற்ற நட்பு' என்று 2022 பிப்ரவரியில் ரஷ்யாவோடு அறிவித்த பிறகும் உக்ரைன் போருக்குப் படை அனுப்பவில்லை. தள்ளுபடி விலையில் எண்ணெய் வாங்கிக்கொண்டது. பஞ்சாயத்துக்குக் கூப்பிட்டால் வரும், தீர்ப்புக்கு ஜாமீன் நிற்காது.

கே: டாலரை யுவான் எப்போது வீழ்த்தும்?
– பங்குச்சந்தை ஆர்வலர், கோவை

ப: தேதி சொல்பவரிடம் பணத்தைக் கொடுத்துவிடாதீர்கள். உலக மத்திய வங்கிகளின் கையிருப்பில் யுவானின் பங்கு சுமார் 2 சதவீதம். 2016 அக்டோபரில் சர்வதேச நாணய நிதியத்தின் முக்கிய நாணயங்களின் கூடையில் சேர்ந்தும் அந்த அளவில்தான் நிற்கிறது. காரணம் அமெரிக்கச் சதி அல்ல. சீனக் குடிமகன் ஆண்டுக்கு 50,000 டாலருக்கு மேல் சாதாரணமாக மாற்ற முடியாது. நினைத்தபோது வெளியே எடுக்க முடியாத பணத்தை எந்த நாடும் அவசரத்துக்கென்று சேர்த்து வைக்காது. கட்டுப்பாட்டைத் தளர்த்தினால் பணம் வெளியே ஓடும் என்ற பயம் பெய்ஜிங்குக்கு இருக்கிறது. யுவானில் வியாபாரம் செய்வது வேறு, அது வளர்ந்துகொண்டுதான் இருக்கிறது; சீனாவின் சொந்த எல்லை தாண்டிய வரவு செலவில் இப்போது பாதியளவு யுவான்.

கே: இவ்வளவு பெரிய நாடு இன்னும் 'வளரும் நாடு' என்று சலுகை கேட்கலாமா?
– கல்லூரி மாணவி, விருதுநகர்

ப: உலக வர்த்தக அமைப்பில் அவரவர் சொல்வதுதான் தகுதி, சான்றிதழ் தருபவர் யாருமில்லை. 2025 செப்டம்பரில் பிரதமர் லி சியாங், இனி புதிய பேச்சுவார்த்தைகளில் சிறப்புச் சலுகை கேட்கமாட்டோம் என்று அறிவித்தார். வளரும் நாடு என்ற பெயரை மட்டும் விடவில்லை. அந்தப் பெயரால்தான் ஆப்பிரிக்க, ஆசிய நாடுகளின் வரிசையில் அதற்கு இடம். ஐ.நா.வின் செலவில் 2025 முதல் சுமார் 20 சதவீதம் சீனா தருகிறது, அமெரிக்கா 22. ஆனால் நாணய நிதியத்தில் சீனாவின் வாக்கு சுமார் 6 சதவீதம், அமெரிக்காவுக்கு 16க்கு மேல். முக்கிய முடிவுக்கு 85 வேண்டும் என்பதால் அமெரிக்கா தனியாகவே தடுக்கலாம். இந்த ஏற்றத்தாழ்வைச் சொல்லிக் குறைப்படுவதில் சீனாவுக்கு நியாயம் உண்டு. அதே சீனா, 2016இல் தொடங்கிய ஆசிய உட்கட்டமைப்பு முதலீட்டு வங்கியில் தனக்கு 26 சதவீதத்துக்கு மேல் வாக்கு வைத்துக்கொண்டது. அங்கே பெரிய முடிவுக்கு 75 வேண்டும். கணக்கை நீங்களே போட்டுக்கொள்ளலாம்.

கே: சீனாவோடு இந்தியா சமாதானமாகிவிட்டதா?
– வாசகர், வேலூர்

ப: ரோந்து பற்றி 2024 அக்டோபர் 21 அன்று உடன்பாடு, இரண்டு நாளில் ரஷ்யாவின் கசானில் மோதி – ஷி சந்திப்பு, 2025 அக்டோபரில் நேரடி விமானம். கல்வானில் 20 பேரை இழந்த 2020க்குப் பின் இது பெரிய மாற்றம்தான். ஆனால் இரு பக்கமும் எல்லையில் குவித்த படை பழைய முகாமுக்குத் திரும்பவில்லை. 2024–25 நிதியாண்டில் நாம் சீனாவுக்கு விற்றது 1,425 கோடி டாலர், வாங்கியது 11,345 கோடி டாலர். படைகள் முறைத்துக்கொண்டிருந்த ஐந்தாண்டிலும் இறக்குமதி ஏறியது.

இம்மாதிரிச் சந்திப்புகளை எடைபோட ஒரு வழி: இரு நாட்டு அறிக்கைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். ஒன்றில் இருந்து மற்றதில் இல்லாத வரிதான் இன்னும் தீராத விஷயம்.

கே: சீனாவின் நகர்வுகளைத் தொடர்ந்து கவனிக்க எந்த மாதங்களைக் குறித்துக்கொள்ளலாம்?
– போட்டித் தேர்வு எழுதுபவர், தர்மபுரி

ப: ஜனவரியில் வெளியுறவு அமைச்சரின் முதல் பயணம் ஆப்பிரிக்காவுக்குத்தான், 1991 முதல் மாறாத வழக்கம். எந்த நாடுகள் என்று பாருங்கள். மார்ச்சில் மக்கள் காங்கிரஸ் (சீன நாடாளுமன்றம்): பாதுகாப்பு பட்ஜெட் அன்று தெரியும் (2023, 2024, 2025 மூன்று ஆண்டும் 7.2 சதவீத உயர்வு), வெளியுறவு அமைச்சர் நீண்ட பத்திரிகையாளர் சந்திப்பும் நடத்துவார். சீன–ஆப்பிரிக்க மாநாடு மூன்று ஆண்டுக்கு ஒருமுறை. 2024இல் 36,000 கோடி யுவான் அறிவித்தார்கள், அதில் எவ்வளவு கடன், எவ்வளவு முதலீடு என்று பிரித்துப் படிக்க வேண்டும். ஆகஸ்ட் முதல் இரண்டு வாரம் பெய்தாய்ஹே கடற்கரையில் தலைவர்களுக்கு ஓய்வு. யாரும் கண்ணில் படமாட்டார்கள். அந்த நாள்களில் 'ஷி ஜின்பிங் வீட்டுச் சிறையில்' என்று வாட்ஸ்அப்பில் வரும். 2022 செப்டம்பரில் அவர் சமர்கண்டிலிருந்து திரும்பிச் சில நாள் வெளியே வராதபோதும் அப்படி வந்தது. அதை உலகெங்கும் பரப்பியதில் நம் நாட்டுக் கணக்குகளுக்குப் பெரும் பங்கு. அடுத்த மாதம் அவர் மூன்றாம் முறையாகக் கட்சிப் பொதுச்செயலாளர் ஆனார்.